பூதத்தை ஜாடியில் அடைத்தவர்கள்



இந்த நூலக அரங்கின் வாசலில் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் என்னை நிறுத்தினார். "ஏன் தம்பி, போன மாசம் சிலப்பதிகாரம். அதுக்கு முந்தின மாசம் நீர் மேலாண்மை. இந்த மாசம் இது என்னப்பா, ரீபேக்?" என்றார். "ஐயா, இதுவும் நீர் மேலாண்மைதான். ஏரி பெரிசு, குழாய் சிறிசு" என்றேன். சிரித்தார். முன்வரிசையில்தான் உட்கார்ந்திருக்கிறார். அவருக்குப் புரிந்தால் எல்லோருக்கும் புரிந்த மாதிரி. ஆகவே இன்று அவரைப் பார்த்தே பேசப்போகிறேன்.

ரீபேக் என்றால் என்ன? கணினியில் ஆடும் பெரிய விளையாட்டுகள் இன்று 60 ஜிபி, 80 ஜிபி, 100 ஜிபி என்று வருகின்றன. ஒரு கம்பெனி அதைப் பூட்டுப் போட்டு விற்கிறது. யாரோ ஒருவர் பூட்டை உடைக்கிறார். இன்னொருவர், கம்பெனி நியமிக்காத, சம்பளம் கொடுக்காத, முகம் தெரியாத இன்னொருவர், உடைத்ததை எடுத்துப் பிழிந்து, பாதியாக, சில சமயம் மூன்றில் ஒரு பங்காக மூட்டை கட்டி இணையத்தில் மிதக்க விடுகிறார். அந்த மூட்டைதான் ரீபேக். எல்லா வகை விளையாட்டுக்கும் உண்டு. நான் இன்று பேசப்போவது ஒரு வகையைப் பற்றி: இருட்டு மாளிகை, எழுந்து நடக்கும் பிணங்கள், துப்பாக்கியில் நான்கே தோட்டா. 'ரெசிடென்ட் ஈவில்' போல, 'ஆலன் வேக்' போல. நம் பையன்கள் இதைப் 'பேய் கேம்' என்பார்கள். கம்பெனிக்காரன் கணக்கில் 'பே' பண்ணாத கேம்.

இதை ஏன் ஒரு மேடையில் பேச வேண்டும்? திருட்டு, அவ்வளவுதானே, போலீஸ் பார்த்துக்கொள்ளாதா? பார்த்துக்கொள்ளட்டும். எனக்கு இருப்பது வேறொரு கேள்வி. ஒரு பொருளைச் சுருக்கினால் ஒருவருக்கு நேரம் மிச்சமாகிறது. அந்த நேரம் எங்கிருந்து வந்தது? யாருடைய நேரம் அது? காத்திருப்பு அழிவதில்லை, நண்பர்களே. அது கைமாறுகிறது. இந்த மாலை முழுவதும் நான் அதைத்தான் துரத்தப்போகிறேன்.

முதலில் என் வீட்டுக் கதை. 2009, 2010 வாக்கில் பட்டுக்கோட்டையில் ஒரு பிரவுசிங் சென்டர் வைத்திருந்தேன். எட்டுக் கணினிகள், ஒரு பிரிண்டர், ஒரு மின்விசிறி. அந்தக் காலத்து பிஎஸ்என்எல் அகன்ற அலைவரிசைத் திட்டங்கள் சிலவற்றில் ஒரு சலுகை உண்டு: இரவு 2 மணி முதல் காலை 8 மணி வரை இறக்கிக்கொள்வதற்குக் கணக்கில்லை. பகலில் ஒவ்வொரு எம்பிக்கும் உயிர் போகும். இரவில் ஊர் அடங்கிய பிறகு வாய்க்கால் திறந்துவிட்ட மாதிரி. எங்கள் ஊர்க் கம்பியில் நிஜமாக வந்து சேர்ந்தது 256 கிலோபிட். வினாடிக்கு 32 கிலோபைட். ஆறு மணி நேரத்துக்குக் கணக்குப் போடுங்கள்: ஏறக்குறைய 690 எம்பி. ஒரு இரவுக்கு ஒரு சிடி. இதுதான் எங்கள் வாய்ப்பாடு.

2009 செப்டம்பரில் கணினிக்கு 'ரெசிடென்ட் ஈவில் 5' வந்தது. 8 ஜிபி இடம் கேட்டது. எங்கள் வாய்ப்பாட்டில் அது பன்னிரண்டு இரவு! கடைக்கு வந்துகொண்டிருந்த பாலிடெக்னிக் பையன் ஒருவன் பாதி எடையில் ஒரு மூட்டையைக் கண்டுபிடித்து வந்தான். ஆறு இரவு. "அண்ணே, அலாரம் மட்டும் வச்சு ரெண்டு மணிக்கு ஆன் பண்ணி விடுங்கண்ணே, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்." வைத்தேன், ஒத்துக்கொள்கிறேன். ஆறு நாள் அதிகாலை எழுந்து புண்ணியம் சேர்த்தேன். தினமும் காலையில் வந்து அவன் கேட்கும் முதல் கேள்வி, "சீடர் எத்தனை பேர் இருக்காங்கண்ணே?" டோரன்ட் என்ற பகிர்வு முறையில் கோப்பைப் பகிர்ந்துகொண்டிருப்பவருக்கு 'சீடர்' என்று பெயர். டீ வாங்க வந்த என் அப்பா இதைக் கேட்டுவிட்டு, பையன் ஏதோ மடத்தில் சேர்ந்துவிட்டான் என்று நினைத்தார்.

ஏழாம் நாள் மாலை, மூட்டையைப் பிரிக்க உட்கார்ந்தோம். செட்டப்பைத் தட்டினால் பட்டை ஒன்று ஓடத் தொடங்குகிறது. பொம்மைக் கடைச் சங்கீதம் போல ஒரு மின்னணு இசை கேட்கிறது. மீதி நேரம்: 1 மணி 40 நிமிடம். இறக்கிய பிறகு எதற்கு இன்னும் ஒன்றே முக்கால் மணி நேரம்? கணினியின் விசிறி லாரி மேடு ஏறுவது போல உறுமுகிறது. 93 விழுக்காட்டில் கரண்ட் போனது. அந்த ஆண்டுகளின் மின்வெட்டை உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. யுபிஎஸ் பத்து நிமிடம் கீச்சிட்டுவிட்டு அடங்கியது. பையன் ஒன்றும் பேசவில்லை. மறுநாள் வந்து மறுபடி முதலிலிருந்து தொடங்கினான்.

அந்த 1 மணி 40 நிமிடத்துக்குள் என்ன நடக்கிறது? இதைப் புரிந்துகொள்ள நம் பழைய கணக்குப்பிள்ளைகளிடம் போக வேண்டும்.

ஐயா, நீங்கள் பழைய பத்திரம், பற்றுவரவு நோட்டு எல்லாம் பார்த்திருப்பீர்கள். அதில் ௸ என்று ஒரு குறி வரும். 'மேற்படி' என்று பொருள். "பட்டுக்கோட்டை தாலுகா இன்ன கிராமத்தில் இருக்கும் இன்னாருடைய குமாரர்" என்று ஒருமுறை முழுசாக எழுதிவிட்டால் அடுத்த இடத்தில் ௸ போதும். மேலே பார்த்துக்கொள் என்று அர்த்தம். மாதத்துக்கு ௴, வருடத்துக்கு ௵, வரவுக்கு ௷. அடிக்கடி வரும் சொல்லுக்கு ஒற்றைக் குறி. எப்போதாவது வரும் சொல்லை முழுசாக எழுது. ஓலையும் காகிதமும் காசுக்கு வந்த காலத்தில் கணக்குப்பிள்ளை கண்ட வழி இது.

இன்றைய சுருக்க வித்தையின் அடிப்படையும் இந்த இரண்டுதான். அடிக்கடி வருவதற்குச் சின்னக் குறி என்பதை 1952இல் டேவிட் ஹஃப்மன் என்ற அமெரிக்க மாணவர் கணக்காக நிறுவினார். 'மேற்படி' போடுவதை 1977இல் இஸ்ரேலின் ஹைஃபா நகரத்து ஆப்ரஹாம் லெம்பெல், யாக்கோப் ஸிவ் என்ற இரண்டு பேர் இலக்கணமாக்கினார்கள். "இதே வரிசை இத்தனை எழுத்துக்கு முன்னால் வந்திருக்கிறது, அங்கிருந்து இத்தனை எழுத்து எடுத்துக்கொள்" என்று ஒரு குறிப்பை மட்டும் எழுதினால் போதும். நீங்கள் தினமும் அனுப்பும் ஜிப் கோப்புக்குள் இருப்பது இந்த மேற்படிதான்.

அப்படியானால் ஜிப் செய்ததை ரீபேக்காரர் எப்படி இன்னும் பிழிகிறார்? இங்கேதான் கைத்திறன் தெரிகிறது. பழைய ஜிப் முறை பின்னால் திரும்பிப் பார்க்கும் தூரம் 32 கிலோபைட் மட்டும். அதாவது அந்தக் கணக்குப்பிள்ளை ஒரே பக்கத்துக்குள்தான் மேற்படி போடுவார். பக்கம் திரும்பினால் மறந்துவிடுவார். ரஷ்யாவின் ஈகர் பாவ்லோவ் 1999இல் தொடங்கி இலவசமாகக் கொடுத்துவரும் 7-ஜிப் மாதிரிக் கருவிகள் நூற்றுக்கணக்கான எம்பி தூரம் திரும்பிப் பார்க்கும். முழு நோட்டையும் மனப்பாடமாக வைத்திருக்கும் கணக்குப்பிள்ளை! நூறாம் பக்கத்தில் நின்றுகொண்டு முதல் பக்கத்துக்கு மேற்படி போடுவார்.

ஆனால் ஒரு சிக்கல் உண்டு. விளையாட்டின் கோப்புகளைக் கம்பெனியே ஏற்கெனவே பழைய முறையில் சின்னச் சின்னப் பொட்டலமாகக் கட்டி வைத்திருக்கும். கட்டிய பொட்டலத்துக்குள் இருப்பது வெளியே தெரியாது. தெரியாததற்கு மேற்படி போட முடியாது. ஆகவே ரீபேக்காரர் முதலில் எல்லாப் பொட்டலத்தையும் அவிழ்க்கிறார். அவிழ்த்துக் கொட்டினால் மூட்டை இன்னும் பெரிதாகிறது! பிறகு குவியல் முழுவதிலும் ஒரே மாதிரி இருப்பதைத் தேடித்தேடிக் கழித்து, ஒரே பெரிய கட்டாகக் கட்டுகிறார். உங்கள் வீட்டில் அது வந்து இறங்கியதும் என்ன செய்ய வேண்டும்? பெரிய கட்டை அவிழ்க்க வேண்டும். அதோடு முடிந்ததா? இல்லை. விளையாட்டு கேட்பது கம்பெனி கட்டிய அதே பொட்டலங்களை. அதே முடிச்சு, அதே நூல், ஒரு பிட் மாறாமல். ஆகவே லட்சக்கணக்கான பொட்டலங்களை உங்கள் கணினி உட்கார்ந்து மறுபடி பழையபடி கட்டுகிறது. கடைசியில் ஒவ்வொன்றையும் எண்ணிச் சரிபார்க்கிறது. அந்த 1 மணி 40 நிமிடம் அதுதான். லாரி உறுமியது அதற்குத்தான்.

இப்போது கணக்கைப் பாருங்கள். குழாயில் ஆறு இரவு மிச்சம். அதற்கு ஈடாக ஒரு மாலைநேரம் கணினி மாரடித்தது. காத்திருப்பு பிஎஸ்என்எல் கம்பியிலிருந்து கணினிக்குக் கைமாறியது. கம்பி மெலிந்த ஊரில் இது நல்ல பேரம். கம்பி தடித்த ஊரில், இன்று ஃபைபர் வந்துவிட்ட வீட்டில், பத்து நிமிடத்தில் இறக்கிவிட்டு ஒரு மணி நேரம் பிரித்துக்கொண்டிருப்பவன் பேரம் தெரியாதவன்.

இந்தப் பேய் விளையாட்டுக்கும் காத்திருப்புக்கும் பிறவிப் பந்தம் உண்டு. 1996 மார்ச் 22. ஜப்பானின் ஒசாகாவில் இருக்கும் காப்காம் கம்பெனி, ஷின்ஜி மிகாமியின் இயக்கத்தில், சோனி பிளேஸ்டேஷனுக்கு ஒரு விளையாட்டை வெளியிட்டது. அங்கே அதன் பெயர் 'பயோஹசார்ட்'. வெளிநாட்டில் 'ரெசிடென்ட் ஈவில்'. காட்டுக்குள் ஒரு மாளிகை. அறைக்கு அறை கதவு. நீங்கள் ஒரு கதவைத் தொட்டால் திரை கறுத்துவிடும். இருட்டில் கதவு மட்டும் தெரியும். கைப்பிடி திரும்பும். கீல் முனகும். மெல்ல, மிக மெல்லத் திறக்கும். உள்ளே என்ன இருக்கிறதோ என்று வயிற்றைப் பிசையும்.

எதற்கு அந்தக் கதவு? பயமுறுத்தவா? அந்தக் கருவியின் சிடி தட்டு வினாடிக்கு 300 கிலோபைட்தான் படிக்கும். அடுத்த அறையை அது படித்து ஏற்றும் வரை ஆட்டக்காரனை நிறுத்தி வைக்க வேண்டும். அதற்குத்தான் கதவு! 1999இல் கொனாமியின் 'சைலன்ட் ஹில்' ஊர் முழுக்கப் பனிமூட்டம் போட்டதும் இதே கதை. தூரத்துக் கட்டடங்களை வரைந்து காட்ட அந்தக் கருவிக்குத் திராணி இல்லை. பனியைப் போட்டு மூடினார்கள். இல்லாமையை மறைக்கப் போட்ட திரை, உலகத்தையே நடுங்க வைத்தது. இவர்கள் காத்திருப்பை ஆட்டக்காரன் தலையில்தான் கட்டினார்கள். ஆனால் அவனுக்கு அது காத்திருப்பு என்றே தெரியவில்லை.

கம்பெனிகளுக்குச் சுருக்கத் தெரியாதா? இந்தக் கேள்விக்குப் பதிலாக நான் எப்போதும் சொல்லும் ஒரு கதை உண்டு. இன்றைய பேச்சில் எனக்கு மிகப் பிடித்த பகுதியும் இதுதான்.

1998இல் 'ரெசிடென்ட் ஈவில் 2' வந்தது. பிளேஸ்டேஷனில் இரண்டு சிடி. இரண்டும் சேர்ந்தால் ஒரு ஜிபிக்கு மேல். இதை நின்டெண்டோ 64 என்ற கருவிக்குக் கொண்டுபோக வேண்டும் என்று காப்காம் விரும்பியது. அந்தக் கருவியில் சிடி கிடையாது. உள்ளங்கை அகலத்துக்கு ஒரு கேட்ரிட்ஜ் செருக வேண்டும். அதில் கிடைக்கக்கூடிய இடம் 64 எம்பி. ஏறக்குறைய இருபதில் ஒரு பங்கு. ஆனையைப் பானைக்குள் அடைக்கச் சொன்ன கதை. கலிஃபோர்னியாவின் ஏஞ்சல் ஸ்டுடியோஸ் என்ற குழு இந்த வேலையை எடுத்தது. ஒன்பது பேர், ஏறக்குறைய ஒரு வருடம்.

என்ன செய்தார்கள் தெரியுமா? விளையாட்டில் கிட்டத்தட்ட 15 நிமிடம் திரைப்படம் போல ஓடும் காட்சிகள் இருந்தன. வெட்டி எறிந்திருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். எறியவில்லை. படத்தை 165க்கு ஒன்று என்ற அளவுக்குப் பிழிந்தார்கள். அந்தக் கருவியில் படம் ஓட்டுவதற்கென்று சில்லு எதுவும் இல்லை. வேறு வேலைக்கு வைத்திருந்த செயலியைப் பிடித்து இந்த வேலைக்குப் பழக்கினார்கள். பாட்டுக்கும் ஒலிக்கும் ஃபேக்டர் 5 என்ற குழு கை கொடுத்தது. நூற்றுக்கணக்கான பின்னணிப் படங்கள், குரல்கள், எல்லாம் உள்ளே போயின. 1999 முடிவதற்குள் கடைக்கு வந்தது. இதில் அதிசயம், இத்தனையையும் அடைத்த பிறகு மூலத்தில் இல்லாத புதுக் கடிதங்களும் குறிப்புகளும் சேர்த்திருந்தார்கள். இட்ட இடத்தில் இடம் மிச்சம்!

1967இல் வந்த 'பட்டணத்தில் பூதம்' படத்தை இங்கே பல பேர் பார்த்திருப்பீர்கள். ஜாடிக்குள் அத்தனை பெரிய பூதம் எப்படி இருந்தது என்று சின்ன வயதில் நான் கேட்டிருக்கிறேன். ஏஞ்சல் ஸ்டுடியோஸ் கதையைப் படித்த பிறகு கேட்பதில்லை.

இதைவிடச் சின்ன ஜாடியும் உண்டு. 2004இல் ஜெர்மனியில் ஒரு சின்னக் குழு '.கேகிரீகர்' என்று ஒன்றைச் செய்தது. இருண்ட தாழ்வாரம், எதிரே வரும் பூச்சி அரக்கர்கள், கையில் துப்பாக்கி. மொத்தக் கோப்பு 96 கிலோபைட். எம்பி அல்ல, கிலோபைட்! உங்கள் செல்பேசியில் ஒரு காலை வணக்கப் படம் அதைவிடக் கனமாக இருக்கும். எப்படி? நம் பாட்டிமார் கோலம் போடுகிறார்களே, அப்படி. பாட்டி கோலத்தைச் சுமந்துகொண்டு வருவதில்லை. "பதினஞ்சு புள்ளி, எட்டு வரை, இடைப்புள்ளி" என்ற ஒரு வாய்மொழியைத்தான் சுமக்கிறாள். வாசலில் மாவு விழும்போது கோலம் பிறக்கிறது. அந்த ஜெர்மானியர்களும் சுவரின் படத்தைச் சேமிக்கவில்லை. சுவரை வரையும் சூத்திரத்தைச் சேமித்தார்கள். அவர்களது கலை வட்டத்துக்கு டெமோசீன் என்று பெயர். எண்பதுகளில் பூட்டு உடைத்தவர்கள் விளையாட்டின் முகப்பில் தங்கள் பெயரை ஆட வைத்தார்களே, அதிலிருந்து பிரிந்து வளர்ந்த கிளை அது. 2020இல் ஃபின்லாந்து அதைத் தன் நாட்டின் தொட்டறிய முடியாத பண்பாட்டுச் செல்வமாகப் பட்டியலில் சேர்த்தது. அடுத்த ஆண்டு ஜெர்மனியும் சேர்த்தது. என் கடையில் செட்டப் ஓடும்போது கேட்ட பொம்மைக் கடைச் சங்கீதம், அந்த வம்சத்தின் மிச்சம்தான்.

வித்தை இப்படியெல்லாம் இருக்க, இன்றைய விளையாட்டு ஏன் இவ்வளவு ஊதிக் கிடக்கிறது? 2014இல் 'டைட்டன்ஃபால்' வந்தபோது கணினியில் 48 ஜிபி. அதில் 35 ஜிபி சுருக்காத ஒலி. கேட்டதற்கு, பழைய கணினிகளில் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஒலியை அவிழ்த்தால் செயலி திணறும், அதனால் அவிழ்த்தே கொடுத்துவிட்டோம் என்றார்கள். சரி, இது ஒரு நியாயம். இன்னொன்று கேளுங்கள். ஸ்வீடனில் செய்த 'ஹெல்டைவர்ஸ் 2' கணினியில் 154 ஜிபி வரை வளர்ந்தது. ஏன்? ஒரே படத்தை, ஒரே ஒலியைப் பல இடங்களில் நகல் நகலாக வைத்திருந்தார்கள். சுழலும் பழைய வன்தட்டில் ஊசி அங்கும் இங்கும் ஓடாமல் பக்கத்திலேயே எடுத்துக்கொள்ளட்டும் என்று! மேற்படி போட வேண்டிய இடத்திலெல்லாம் முழு முகவரியையும் திரும்பத் திரும்ப எழுதி வைத்த கணக்குப்பிள்ளை. 2025 டிசம்பரில் நகல்களை நீக்கிப் பார்த்தார்கள். 154 ஜிபி, 23 ஜிபி ஆனது. பழைய வன்தட்டுக்காரர்களுக்கு என்ன நஷ்டம்? சில வினாடி கூடுதல் காத்திருப்பு.

சில வினாடி! யாரோ சிலரின் சில வினாடிக்காக, உலகம் முழுக்கக் கணினியில் ஆடிய ஒவ்வொருவனும் 131 ஜிபிக்குக் கூடுதல் இடம் தேடி அலைந்தான். கம்பெனியே செய்த அந்த ரீபேக்கைப் பார்த்தபோது, என் கடைப் பையனின் ஆறு இரவு எனக்கு நினைவுக்கு வந்தது. அவனுக்குக் கம்பெனியிடமிருந்தே சின்ன மூட்டை கிடைக்காமல் போனது தொழில்நுட்பம் இல்லாததாலா? அவனை யாரும் கணக்கில் வைக்காததாலா?

பூட்டைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் நகரில் உருவான டெனுவோ என்ற பூட்டு 2014இல் புழக்கத்துக்கு வந்தது. உடைப்பதற்கு மிகக் கடினம் என்று பெயர். 2017 ஜனவரி 24இல் 'ரெசிடென்ட் ஈவில் 7' அந்தப் பூட்டோடு வந்தது. ஐந்தே நாளில் உடைத்துவிட்டார்கள். 2021 மே மாதம் 'ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ்' வந்தபோது டெனுவோவுக்கு மேல் காப்காம் தன் சொந்தப் பூட்டு ஒன்றையும் தொங்கவிட்டது. காசு கொடுத்து வாங்கிய கணினி ஆட்டக்காரர்கள் புகார் சொன்னார்கள்: பிணத்தைச் சுட்டால் படம் ஒரு கணம் விக்குகிறது. ஜூலையில் பூட்டு உடைந்த பதிப்பு வெளியே வந்தது. அதில் விக்கல் இல்லை! பிரிட்டனின் டிஜிட்டல் ஃபவுண்டரி குழு இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துச் சோதித்து, உண்மைதான், திருட்டுப் பதிப்பு வழுக்கிக்கொண்டு ஓடுகிறது என்று காட்டியது. அதே மாதம் காப்காம் திருத்தம் வெளியிட்டது.

யோசித்துப் பாருங்கள். டிக்கெட் எடுத்தவன் வாசலில் பைசோதனைக்கு நிற்கிறான். சுவர் ஏறிக் குதித்தவன் முதல் வரிசையில் உட்கார்ந்திருக்கிறான். இங்கே காத்திருப்பை யார் தலையில் கட்டினார்கள்? யோக்கியன் தலையில்.

இத்தனை சொன்னதால் நான் ரீபேக்குக்கு வக்காலத்து வாங்குகிறேன் என்று இளைஞர் வரிசையில் ஒரு புன்னகை ஓடுவது தெரிகிறது. நிறுத்துங்கள். அந்தக் கைத்திறனை மெச்சுகிறேன். கட்டியிருப்பது இன்னொருவன் வீட்டுச் சாமான் என்பதை மறக்கவில்லை. நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரலை எந்தத் தலைப்பில் வைத்திருக்கிறது தெரியுமா? இலக்கியப் படைப்பு! கவிதை, நாவல் இருக்கும் அதே பந்தியில். அதே சட்டத்தின் 63பி பிரிவு, திருட்டு நகல் என்று தெரிந்தே கணினியில் நிரலைப் பயன்படுத்துபவனுக்குக் குறைந்தது ஏழு நாள், அதிகம் மூன்று வருடம் சிறை என்கிறது. பூட்டை உடைப்பதற்கு 2012 திருத்தத்தில் 65ஏ என்று தனிப் பிரிவே வந்தது. ஃபின்லாந்தின் ரெமிடி குழு 'ஆலன் வேக்'கைக் கணினிக்குக் கொண்டுவந்தபோது சட்டத்தைவிட நயமாக ஒன்று செய்தது. திருட்டுப் பிரதியில் கதாநாயகன் ஒற்றைக் கண்ணில் கடற்கொள்ளையர் பட்டை கட்டிக்கொண்டு திரிவான். விளையாட்டு ஓடும், தடை இல்லை. ஆனால் அந்தப் பட்டை ஆடுகிறவனுக்கு அவன் திருட்டை நினைவூட்டிக்கொண்டே இருக்கும். எனக்கு ஏழு நாள் சிறையைவிட அதுதான் உறைக்கிறது.

மூட்டைக்குள் வேறு என்ன இருக்கிறது என்ற பயமும் உண்டு. 2024 டிசம்பர் 31. உலகம் புத்தாண்டுக்குப் பட்டாசு வாங்கிக்கொண்டிருந்தது. அந்த ஆண்டு செப்டம்பரிலேயே டோரன்டில் ஏற்றி வைத்திருந்த சில பிரபல விளையாட்டு மூட்டைகள் அன்று விழித்துக்கொண்டன. ரஷ்யா, பிரேசில், ஜெர்மனி என்று பல நாட்டுக் கணினிகளில் சத்தமில்லாமல் கிரிப்டோ மின்காசு தோண்டத் தொடங்கின. காஸ்பர்ஸ்கி ஆய்வாளர்கள் இதற்கு 'ஸ்டாரிடோப்ரி' என்று பெயர் வைத்தார்கள். எட்டுக் கோருக்குக் குறைவான செயலி என்றால் அந்தத் திருடன் தொடமாட்டானாம். ஏழை வீட்டில் கன்னம் வைப்பதில்லை என்ற கொள்கை போலும்!

என் கடைக்கு வந்த திருடனுக்கு அந்தக் கொள்கையும் இல்லை. ஒரு மாணவன் பென்டிரைவ் கொண்டுவந்தான். "அண்ணே, ஹைலி கம்ப்ரஸ்ட். முழு கேமும் பத்தே எம்பி." தட்டினான். அன்று மாலைக்குள் எட்டுக் கணினியும் படுத்துவிட்டன. இரண்டு நாள் உட்கார்ந்து எல்லாவற்றையும் அழித்து மறுபடி ஏற்றினேன். என் வாடிக்கையாளர்களின் பாதித் தட்டச்சு வேலைகள் போயின. பத்து எம்பி மூட்டை ஏன் பொய்? 1948இலேயே அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் கிளாட் ஷானன் எல்லைக்கல் நட்டுவிட்டார். எந்தத் தகவலையும் அதன் சாரத்துக்குக் கீழே ஒரு எழுத்துகூட இழக்காமல் சுருக்க முடியாது. வற்றல் போடலாம், தண்ணீரைத்தான் எடுக்கலாம்; சுண்டைக்காயையே எடுத்துவிட்டால் குழம்பில் எது ஊறும்? பாதி என்றால் நம்பலாம். மூன்றில் ஒன்று என்றால் யோசிக்கலாம். ஆயிரத்தில் ஒன்று என்றால் பென்டிரைவைப் பிடுங்கிக் கையில் கொடுத்து அனுப்பிவிடுங்கள்.

ஒரு முடிச்சு மட்டும் எனக்கு இன்னும் அவிழவில்லை. 'ஆலன் வேக்'கையே எடுத்துக்கொள்ளுங்கள். அதில் இருந்த பாட்டுகளின் உரிமக் காலம் முடிந்ததால் 2017 மே மாதம் கடைகளிலிருந்து அதை எடுத்துவிட்டார்கள். 2018 அக்டோபரில்தான் திரும்பி வந்தது. நடுவில் ஒன்றரை ஆண்டு, காசை நீட்டினாலும் இணையக் கடையில் வாங்க வழியில்லை. அமெரிக்காவின் வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023இல் ஓர் ஆய்வு வெளியிட்டது. அந்த நாட்டில் 2010க்கு முன் வெளிவந்த விளையாட்டுகளில் 87 விழுக்காடு அப்போது கடையில் கிடைக்கவில்லை. விற்கவும் மாட்டேன், வைத்திருந்தால் குற்றம் என்றால் அந்தப் பிரதி எங்கே போய் உயிர் வாழும்? உ.வே.சா. ஏடு தேடி அலைந்த ஊர்க்காரர்கள் நாம். பரணில் கிடந்த பிரதியின் மதிப்பு நமக்குத் தெரியும். ஆனால் பரணில் பிரதி வைத்திருந்தவர் வேறு, நேற்று வந்த விளையாட்டை இன்று காலையில் பிழிந்து போடுகிறவர் வேறு. இரண்டையும் ஒரே கட்டில் கட்டும் மூட்டைக்காரரை நான் நம்பமாட்டேன்.

போலந்தில் ஜிஓஜி என்று ஒரு கடை இருக்கிறது. 2008இல் தொடங்கியது. பழைய விளையாட்டுகளைத் தேடி எடுத்து, இன்றைய கணினியில் ஓடும்படி செப்பனிட்டு, பூட்டே இல்லாமல் விற்கிறது. 2024 ஜூன் மாதம் அங்கே முதல் 'ரெசிடென்ட் ஈவில்' வந்தது, 1996இன் அதே மாளிகை. செய்தியைப் பார்த்த அன்றே வாங்கினேன். அலாரம் வைக்கவில்லை, சீடர் எத்தனை பேர் என்று யாரும் கேட்கவில்லை. டீ ஆறுவதற்குள் இறங்கிவிட்டது. லாரி உறுமவில்லை.

விளக்கை அணைத்துவிட்டு உட்கார்ந்தேன். சாப்பாட்டு அறையில் கடிகாரம் டிக் டிக் என்றது. கதவைத் தொட்டேன். திரை கறுத்தது. என் கணினியில் இப்போது சுழலும் தட்டு கிடையாது. அடுத்த அறை முழுவதும் கண்ணிமைக்கும் முன்பே நினைவகத்துக்கு வந்திருக்கும். ஏற்றுவதற்கு ஒன்றும் மிச்சமில்லை, காத்திருக்க ஒரு காரணமும் இல்லை. ஆனாலும் கைப்பிடி மெல்லத் திரும்பியது. கீல் முனகியது. கதவு அதன் பழைய வேகத்திலேயே திறந்துகொண்டிருந்தது. நானும் பொத்தானை விட்டுக் கையை எடுத்துவிட்டு உட்கார்ந்திருந்தேன்.